பகலில் ஃப்ளோர், மாலையில் மேடை: என்னிடம் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் சென்னையில் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளுக்கு ஃப்ளோர் மேனேஜர். ஃப்ளோர் என்றால் ஷூட்டிங் நடக்கும் தளம். ஷூட்டிங் இல்லாத மாலைகளில் மேடையேறி நகைச்சுவை பேசுகிறேன். விழுப்புரம் பக்கத்திலிருந்து இங்கே வந்து 11 வருஷம் ஆகிறது. மேடையேறி 6 வருஷம். விஸ்காம் படிக்கும் பிள்ளைகள், சாலிகிராமத்து டீக்கடையில் பழக்கமான உதவி இயக்குநர்கள், ஊர்க் கல்யாணங்களில் பார்க்கும் சித்தி, அத்தைமார்கள், ஷோ முடிந்ததும் வந்து பேசுகிறவர்கள் என்று எல்லோரும் கேட்பது ஏறக்குறைய ஒரே கேள்விகள்தான். அவசரத்தில் பாதி பதில் சொல்லிவிட்டு ஓடி வந்துவிடுகிறேன், அப்புறம் மனசு உறுத்துகிறது. அதனால் அவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளைப் போட்டு, முழுப் பதிலையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

அக்கா, டிவியில வேலைன்னு சொல்றீங்க, உங்களைப் பார்த்ததே இல்லையே. அப்படி என்ன வேலை?

ஸ்டுடியோவில் எடுக்கும் நிகழ்ச்சிகளில் இயக்குநர் பெரும்பாலும் ஃப்ளோரில் இருக்க மாட்டார். பக்கத்து அறையிலோ, பதிவுக் கருவிகளோடு வெளியே நிற்கும் ஓபி வேனிலோ, எல்லா கேமராக்களின் படமும் ஓடும் மானிட்டர்களுக்கு முன்னால் உட்கார்ந்திருப்பார். அந்த இடத்தை 'பேனல்' என்போம். அங்கிருந்து அவர் சொல்வது என் ஹெட்செட்டில் கேட்கும். அதை ஃப்ளோரில் நடத்தி வைப்பது என் வேலை. யார் எந்தப் பக்கமாக உள்ளே வர வேண்டும், எந்தப் பொருள் எங்கே இருக்க வேண்டும், தொகுப்பாளருக்கு இன்னும் எத்தனை நிமிஷம் இருக்கிறது, எல்லாம் என் வழியாகத்தான் போகும்.

ரோல் ஆவதற்கு முன், அதாவது பதிவு தொடங்கும் முன், '5, 4' என்று வாயால் எண்ணுவேன். 3, 2, 1 வெறும் விரல்தான். சத்தம் வந்தால் மைக் எடுத்துவிடும். இரண்டு கையையும் ரப்பரை இழுப்பது போல விரித்தால் 'இன்னும் கொஞ்சம் பேசுங்க'. சுட்டுவிரலைக் காற்றில் சுழற்றினால் 'முடிச்சுக்கலாம்'. இதையெல்லாம் கேமராவுக்கு அடியில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தபடி செய்வதால்தான் நான் உங்கள் கண்ணில் படுவதில்லை.

சீரியல்லயும் உங்களை மாதிரி ஒருத்தர் இருப்பாங்களா?

அங்கே இந்த வேலையை உதவி இயக்குநர்களே பார்த்துக்கொள்வார்கள். என் முதல் 3 வருஷமும் சீரியலில்தான் போனது. ப்ராம்ப்டிங் கொடுப்பேன். அதாவது கேமராவுக்குப் பக்கத்தில் நின்று வசனத்தை உரக்கப் படிப்பது. நடிப்பவர் அதைக் கேட்டுக்கொண்டே பேசுவார். குரல் பிற்பாடு டப்பிங்கில் வந்துவிடும் என்பதால் என் சத்தம் விழுந்தாலும் பரவாயில்லை.

ஒரு மூத்த நடிகை என்னைக் கூப்பிட்டுச் சொன்னார்: "பாப்பா, நீ மூச்சு விடுற இடத்துலதான் நான் மூச்சு விட முடியும். கமாவையும் சேர்த்துப் படி." அன்றைக்கு ராத்திரியே வசனப் பேப்பரில் மூச்சு விடும் இடங்களைப் பென்சிலால் குறிக்க ஆரம்பித்தேன். இன்றைக்கும் என் ஜோக்குகளை அப்படித்தான் எழுதுகிறேன், பென்சில் கோடுகளோடு.

காமெடி ஷோவுல கேக்குற சிரிப்பு நிஜமா, இல்ல மெஷினா?

இரண்டும் உண்டு. ஆடியன்ஸ் கோஆர்டினேட்டர் என்று ஒருவர் வேனில் ஆட்களைக் கூட்டி வருவார். சாப்பாடு, டீ, போகும்போது கையில் ஒரு சின்னத் தொகை. காலையில் வந்தவர்கள் இருட்டும்வரை அதே நாற்காலியில், ஏசி குளிரில் உட்கார்ந்திருப்பார்கள். முதல் ஸ்கிட்டுக்கு வந்த சிரிப்பை ஆறாவது ஸ்கிட்டுக்கும் எதிர்பார்ப்பது நியாயமில்லை. அதனால் கைதட்டல், சிரிப்பு, ஆச்சரியம் என்று தனித்தனியாகக் கொஞ்சம் எடுத்து வைத்துக்கொள்வோம். எடிட்டில் வேண்டிய இடத்தில் ஒட்டுவார்கள், சத்தத்தையும் கூட்டுவார்கள். நடுவர் விழுந்து விழுந்து சிரிக்கும் ஷாட் உண்மையில் எந்த ஜோக்குக்கு என்பது எடிட்டருக்குத்தான் தெரியும்.

ஆனால் நிஜச் சிரிப்பு வந்தால் ஃப்ளோரில் இருக்கிற அத்தனை பேருக்கும் தெரிந்துவிடும். கேமராமேனின் தோள் குலுங்கும், படம் ஆடும். பேனலிலிருந்து "டூ, ஆடுது, டூ ஆடுது" என்று இரண்டாவது கேமராவுக்கு அதட்டல் வரும். அந்த அதட்டலிலும் சிரிப்பு இருக்கும். எங்கள் யூனிட்டில் ஒரு லைட்மேன் அண்ணன் இருக்கிறார். 20 வருஷத்துக்கும் மேலாக மேலே பலகையில் உட்கார்ந்து கேட்காத ஜோக் இல்லை. அவர் மேலிருந்து சிரித்துவிட்டால், கீழே பேசிக்கொண்டிருப்பவருக்கு அது பரிசு வாங்கிய மாதிரி.

நீங்க எப்படி மேடைக்கு வந்தீங்க?

பூந்தமல்லி பக்கம் ஒரு ஃப்ளோரில் ஷூட்டிங். மத்தியானச் சாப்பாடு முடிந்து ஜெனரேட்டர் நின்றுவிட்டது. ஏசி இல்லை, வெளிச்சம் இல்லை, கூட்டம் எழுந்திருக்க ஆரம்பித்தது. ஒரு தடவை கலைந்தால் திரும்ப உட்கார வைக்க ஒரு மணி நேரம் ஆகும். "யாராவது பேசுங்க, விட்டுடாதீங்க" என்றார் இயக்குநர். மைக்கும் வேலை செய்யவில்லை. இரண்டாவது வரிசையில் மடியில் பேரனைத் தூங்க வைத்திருந்த ஒரு பாட்டி, நான் முன்பு சீரியலில் இருந்ததை யாரிடமோ கேட்டுத் தெரிந்துகொண்டு, "ஏம்மா, அந்தக் கல்யாணத்தை மட்டும் ஏன் மூணு வாரம் காட்டுனீங்க?" என்று கேட்டார்.

அதற்குப் பதில் சொல்ல ஆரம்பித்தேன். அந்தக் கல்யாணத்தை 9 நாள் எடுத்தோம். மாலை ஒரே நாளில் வாடிவிடும். ஆனால் திரையில் அது அதே மாலையாக இருக்க வேண்டும். அதனால் 9 நாளும் விடியற்காலை 4 மணிக்குக் கோயம்பேடு பூ மார்க்கெட்டுக்குப் போய், அதே ரோஜா, அதே சம்பங்கி, அதே நீளத்தில் ஜோடி மாலை வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து, குளித்துவிட்டு ஷூட்டிங் போவேன். வீட்டுக்கார அம்மா வாசல் தெளிக்கிற நேரம் அது. முதல் நாள் பார்த்தார். இரண்டாம் நாள் முறைத்தார். நாலாம் நாள் என் கழுத்தைப் பார்த்தார். ஐந்தாம் நாள், "எத்தனை பேரும்மா?" என்று கேட்டேவிட்டார்.

இருட்டுக்குள் முதலில் பாட்டிதான் சிரித்தார், அப்புறம் பார்வையாளர்கள் உட்கார்ந்திருந்த மொத்த கேலரியும். கடைசியில் மேலே பலகையிலிருந்து லைட்மேன் அண்ணன். ஜெனரேட்டர் வர 40 நிமிஷம் ஆனது; ஒருவரும் எழுந்து போகவில்லை. அடுத்த மாதமே ஒரு ஓபன் மைக்கில் பெயர் கொடுத்தேன்.

ஓபன் மைக்னா என்ன? யார் வேணா போகலாமா?

போகலாம். முன்கூட்டியே பெயர் கொடுத்தால் 5 நிமிஷம் கிடைக்கும். ஆழ்வார்பேட்டை, அடையாறு, நுங்கம்பாக்கம் பக்கம் கஃபேக்களிலும் சின்ன அரங்குகளிலும் நடக்கும். எதிரே இருபது, முப்பது பேர் இருப்பார்கள், அதில் பாதிப்பேர் தங்கள் முறைக்காகக் காத்திருக்கும் காமெடியன்கள். நேரம் முடியப் போகிறது என்றால் கடைசி வரிசையிலிருந்து ஒருவர் செல்போன் டார்ச்சைக் காட்டுவார். உடனே முடித்துவிட்டு இறங்குங்கள். முதல் பதிலில் சொன்ன அந்தச் சுழலும் விரலைப் பார்க்காத மாதிரி பேசிக்கொண்டே போகிறவர்களால் எங்களுக்கு ஃப்ளோரில் எவ்வளவு கஷ்டம் என்று எனக்குத் தெரியும்.

திரைக்குப் பின்னாடி இருந்து காமெடிக்கு வந்து ஜெயிச்சவங்க உண்டா?

நிறைய. மனோபாலா சார் பாரதிராஜாவிடம் உதவி இயக்குநராக இருந்து, 1982இல் 'ஆகாய கங்கை' மூலம் இயக்குநரானவர். இன்றைய பிள்ளைகள் பலருக்கு அவரை நகைச்சுவை நடிகராகத்தான் தெரியும். சிங்கம்புலி சார் 'ரெட்', 'மாயாவி' இரண்டையும் இயக்கிவிட்டு நடிக்க வந்தவர். யோகி பாபு 'லொள்ளு சபா' டிவி நிகழ்ச்சியில் அதன் இயக்குநர் ராம்பாலா சாரோடு வேலை பார்த்துக்கொண்டே சின்னச் சின்ன வேடங்கள் செய்தவர்.

வேலை ஒரு பக்கம், நகைச்சுவை ஒரு பக்கம் என்பதும் இந்த ஊருக்குப் புதுசில்லை. நாகேஷ் ரயில்வேயில் வேலை பார்த்தவர். கிரேசி மோகன் கிண்டி பொறியியல் கல்லூரியில் படித்து, கம்பெனி வேலையில் இருந்துகொண்டே நாடகம் எழுதினார். ஆபீஸ் விட்டு வந்து சாயங்காலம் சபாவில் வேஷம் கட்டியவர்கள் இந்த ஊரில் ஒரு தலைமுறையே உண்டு. என்னிடம் யாராவது "ரெண்டு படகுல கால் வைக்காதே" என்றால் நான் சொல்வது இவர்களைத்தான்.

ரெண்டுலயும் எவ்வளவு கிடைக்கும்?

டிவியில் சேனல் ஊழியர்களுக்கு மாதச் சம்பளம். என்னைப் போலத் தயாரிப்பு நிறுவனங்களில் வேலை செய்கிறவர்களுக்கு நாள் கணக்கு அல்லது எபிசோட் கணக்கு, அதோடு பேட்டா என்கிற தினப்படி. பேட்டா அன்றன்றைக்கு வந்துவிடும், சம்பளம் தள்ளிப் போவதுண்டு. மூன்று மாத வாடகையைக் கையில் வைத்துக்கொள்ளாமல் இந்த வேலைக்கு வராதீர்கள்.

காமெடியில் ஓபன் மைக்குக்குப் பணம் கிடையாது. டிக்கெட் ஷோ என்றால் வசூலில் பங்கு. எனக்கு முதன்முதலில் கிடைத்தது 500 ரூபாய். கம்பெனி விழாக்களிலும் கல்யாண ரிசப்ஷன்களிலும்தான் கணிசமாகத் தருவார்கள். ஆனால் ரிசப்ஷனில் கூட்டத்தின் கண் பந்தி மேல் இருக்கும், அங்கே பேசுவது தனிப் பயிற்சி.

ஷூட்டிங் முடியவே ராத்திரி ஆயிடுமே, எப்போ ப்ராக்டிஸ் பண்றீங்க?

தொடர்ந்து மூன்று, நான்கு நாள் ஷூட்டிங் இருக்கும், ஒரே நாளில் இரண்டு எபிசோட்கூட எடுப்போம். அப்புறம் சில நாள் இடைவெளி வரும். அந்த இடைவெளிதான் என் காமெடி நாட்கள். ஷூட்டிங் நாளில் ஒரு வரிகூட எழுத மாட்டேன், காதில் விழுவதை மட்டும் சின்ன நோட்டில் குறித்துக்கொள்வேன்.

மேடைக்கும் மாதக் கணக்கு உண்டு. மார்கழியில் சபாக்களெல்லாம் கச்சேரிக்குப் போய்விடும், முகூர்த்தமும் கிடையாது, ரிசப்ஷன் வாய்ப்பும் இல்லை. எழுதுவதற்கு அதுதான் நல்ல மாதம். தை பிறந்தால் அழைப்பு வரும். கோடையில் நாரத கான சபாவில் கார்த்திக் ஃபைன் ஆர்ட்ஸ் நடத்தும் கோடை நாடக விழாவுக்கு முடிந்தவரை போய் உட்கார்ந்துவிடுவேன். 70 வயதுக்காரர் சிரிப்பதும் 20 வயதுக்காரர் சிரிப்பதும் எங்கே பிரிகிறது என்பதை ஒரே அரங்கில் பார்க்கலாம். ஆடியில் கோயில் திருவிழா மேடைகள்.

மெட்ராஸ் பாஷை பேசுனாதான் இங்க எடுபடுமா?

வடசென்னையில் பிறந்து வளர்ந்தவர் 'பேஜார்', 'நாஷ்டா' என்று பேசினால் அது அவர் வீட்டுப் பேச்சு. நான் பேசினால் வேஷம். கூட்டம் ஒரே நிமிஷத்தில் கண்டுபிடித்துவிடும். நான் எங்கள் ஊர்ப் பேச்சில்தான் பேசுகிறேன். நாளெல்லாம் ஃப்ளோரில் புழங்குவதால் சென்னை வார்த்தை தானாக வந்தால் வரட்டும். முழுக்க ஆங்கிலத்தில் நடக்கும் ஓபன் மைக்கிலும் தமிழில் பேசியிருக்கிறேன், யாரும் தடுத்ததில்லை.

ஷூட்டிங்ல நடக்குறதை மேடையில சொல்லலாமா?

போட்டியில் யார் ஜெயித்தார்கள், யார் வெளியே போனார்கள் என்பதை ஒளிபரப்புக்கு முன் மூச்சு விடக் கூடாது; கையெழுத்துப் போட்டிருப்போம். அதற்கு அப்புறம் வருவதுதான் கஷ்டமான பகுதி. கையெழுத்து இல்லாவிட்டாலும் சொல்லக் கூடாதவை இருக்கின்றன.

மேலே சொன்ன லைட்மேன் அண்ணன் ஒருநாள் பலகையிலேயே தூங்கிவிட்டார். குறட்டைச் சத்தம் மைக்கில் விழுந்து ஷாட்டை நிறுத்தினோம். யூனிட்டே சிரித்தது. அதை நான் 4 நிமிஷ ஜோக்காக எழுதி மேடையில் பேசினேன், நல்ல வரவேற்பு. பிறகு தி.நகரில் ஒரு ஷோவுக்கு அண்ணனையும் அண்ணியையும் நானே கூப்பிட்டேன். அந்த ஜோக் வந்தபோது அண்ணன் சிரித்தார், அண்ணி சிரிக்கவில்லை. முடிந்து வெளியே வந்ததும் அண்ணன் சொன்னார்: "நல்லா பேசுற பாப்பா. அன்னிக்கு முந்துன ராத்திரி பூரா பையனோட ஆஸ்பத்திரியில இருந்தேன். அதான் கண்ணு சொருகிடுச்சு." கோபமே இல்லாமல் சொன்னார். அந்த ஜோக்கை நான் மறுபடி பேசவில்லை. இங்கே எழுதுவதற்கு அவரிடம் கேட்டுவிட்டேன். இப்போதெல்லாம் சம்பந்தப்பட்டவரிடம் முதலில் சொல்லிக் காட்டுகிறேன். வேண்டாம் என்றால் வேண்டாம். எனக்கு நடந்ததைச் சொல்ல யாரிடமும் கேட்க வேண்டியதில்லை.

நான் சொன்ன ஜோக்கை ஷோவுல வேற ஒருத்தர் பேசிட்டா என்ன பண்றது?

எனக்கே நடந்தது. டீ பிரேக்கில் சொன்ன ஒரு வரி, அடுத்த வாரம் ஒரு போட்டியாளர் வாயிலிருந்து வந்தது. நானே '5, 4' எண்ணிக் கொடுத்து, அதை நானே கேட்டுக்கொண்டிருந்தேன். ரொம்ப வலித்தது.

சட்டம் என்ன சொல்கிறது என்றால், 1957ஆம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டப்படி, ஊழியராக இருந்து வேலையின் பகுதியாக எழுதியது, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், நிறுவனத்துக்குத்தான் சொந்தம். வேலைக்கு வெளியே உங்களுக்காக எழுதியது உங்களுடையது. ஆனால் கருத்துக்கு உரிமை கிடையாது, எழுதிய விதத்துக்குத்தான் உண்டு. மாமியார் ஜோக் எல்லோருக்கும் பொது. நீங்கள் அதைச் சொன்ன வார்த்தைகள் உங்களுடையவை. அதனால் தேதி போட்டு எழுதி வையுங்கள், ஒப்பந்தத்தைப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள், புது ஜோக்கை டீக்கடையில் சொல்வதற்கு முன் மேடையில் சொல்லிவிடுங்கள். நான்கு பேர் பார்த்தது என்பதற்கு ஒரு மரியாதை உண்டு.

நீங்க வேலை பாக்குற ஷோலயே கருப்பா இருக்காங்க, குண்டா இருக்காங்கன்னு கேலி பண்றாங்களே, அது ஓகேவா?

ஓகே இல்லை. ஒரு கல்லூரி மாணவி இதை நேருக்கு நேர் கேட்டபோது எனக்கு உடனே பதில் வரவில்லை. ஸ்கிரிப்ட் என் கையில் இல்லை என்பது உண்மை. ஆனால் அதோடு நிறுத்திக்கொள்ள மனசு வரவில்லை. ஒத்திகையில் அப்படி ஒரு வரி வந்தால் எழுத்தாளரைத் தனியாகக் கூப்பிட்டு, வேறு வரி ஒன்றையும் கையில் வைத்துக்கொண்டு பேசுகிறேன். "இது வேண்டாம்" என்று மட்டும் சொன்னால் மாற்ற மாட்டார்கள், நேரம் இருக்காது. மாற்று வரி கொடுத்தால் சில தடவை மாறுகிறது. என் மேடையில் ஒருவர் உடம்பைப் பற்றியோ நிறத்தைப் பற்றியோ ஒரு வார்த்தை கிடையாது. கேலரியில் முன் வரிசையில் 'பளிச்சென்று' இருப்பவர்களை உட்கார வைக்கச் சொல்வார்கள் இல்லையா, ஜெனரேட்டர் நின்ற அன்று பார்த்த பாட்டி மாதிரியானவர்களை நான் எப்போதும் இரண்டாவது வரிசையிலாவது உட்கார வைத்துவிடுவேன்.

சேனல்ல ஆளு இருக்கே, நம்ம பையனை ஒரு ஷோல போட்டு விடேன்?

முடியாது சித்தி. ஆடிஷனுக்கு வரச் சொல்லலாம், நேரத்தோடு வரச் சொல்லலாம், என்ன எடுத்து வர வேண்டும் என்று சொல்லித் தரலாம். தேர்ந்தெடுப்பது என் கையில் இல்லை. இருந்தாலும் செய்ய மாட்டேன். வாய்ப்பு வாங்கித் தருகிறேன் என்று யாராவது பணம் கேட்டால் அது மோசடி, ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

பொண்ணு இந்த வேலைக்கு வரணும்ங்கிறா. ராத்திரி எப்படிம்மா வீட்டுக்கு வருவா?

அம்மாக்கள் கேட்க வேண்டிய கேள்வி இது. பேக்கப், அதாவது ஷூட்டிங் முடிவது, ராத்திரி நேரமானால் வண்டி ஏற்பாடு செய்வது தயாரிப்பு தரப்பின் வேலை. சேரும்போதே கேட்டுவிடச் சொல்லுங்கள், கேட்பதில் கூச்சம் வேண்டாம். ஓபன் மைக் பெரும்பாலும் 10 மணிக்குள் முடிந்துவிடும். மெட்ரோ 11 மணி வரை உண்டு. 10 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் பாலியல் புகார்களை விசாரிக்க உள் குழு இருந்தாக வேண்டும் என்பது 2013ஆம் வருஷச் சட்டம். தினக்கூலியாக வந்த பெண்ணும் அதில் புகார் கொடுக்கலாம். அந்தக் குழுவில் யார் இருக்கிறார்கள் என்று முதல் நாளே கேட்டு வைக்கட்டும். 181 பெண்கள் உதவி எண்ணும் அவள் போனில் இருக்கட்டும். அப்புறம், யூனிட்டில் இன்னொரு பெண் இருக்கிறாரா என்று பாருங்கள். நான் வந்தபோது மேக்கப் அக்கா ஒருவர்தான் இருந்தார். இன்று எங்கள் ஃப்ளோரில் கேமராவிலும் பெண் இருக்கிறார்.

அப்போ வேலையை விட்டுட்டு முழுநேரக் காமெடியன் ஆகிட வேண்டியதுதானே?

வாடகைக் கணக்கை ஏழாவது பதிலில் சொல்லிவிட்டேன். அது பாதிக் காரணம்தான். எனக்கு ஃப்ளோர் பிடித்திருக்கிறது. விளக்கு ஒவ்வொன்றாக ஏறி, 'ஸ்டாண்ட் பை' சொன்னதும் நூறு பேர் ஒரே நேரத்தில் பேச்சை நிறுத்துவார்களே, அந்த இரண்டு நொடிக்காகவே காலையில் எழுந்து போகலாம். கையில் வியர்வையோடு பக்கவாட்டில் நிற்கும் புதுப் பையனிடம் "தண்ணி குடிச்சியா?" என்று கேட்டு உள்ளே அனுப்புவதும் எனக்குக் காமெடி வேலைதான். அவன் சிரிக்க வைத்துவிட்டு வெளியே வரும்போது என் முகத்தைத்தான் முதலில் பார்க்கிறான்.

எப்போடி உன்னை டிவியில காட்டுவாங்க?

இது என் அம்மா கேட்பது, ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும். மேடையில் நான் பேசும் வீடியோவைத் தம்பி போனில் காட்டியிருக்கிறான், சிரித்தும் இருக்கிறார். ஆனால் அவருக்கு டிவிதான் டிவி. எபிசோட் முடிந்து பெயர்கள் ஓடும்போது தம்பி ரிமோட்டோடு தயாராக இருப்பான். ஓரிரு நொடிதான், அந்த வேகத்தில் யாராலும் படிக்க முடியாது. அவன் சரியான இடத்தில் நிறுத்தியதும் அம்மா கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு டிவிக்குப் பக்கத்தில் போய், விரலை வைத்து என் பெயரைப் படிப்பார். போன வாரம் என் பெயருக்கு மேலும் கீழும் இருந்தவர்கள் யார் என்று கேட்டார். மேலே இருப்பது கேமரா உதவியாளர், கீழே இருப்பது லைட்மேன் அண்ணன் என்று சொன்னேன்.